பால்டர்ஸ் கேட் 3: கடைசிவரை கூடவே வரும் கூட்டத்தைச் சேர்ப்பது எப்படி?

பால்டர்ஸ் கேட் 3-ஐ முதல் தடவை விளையாடியபோது என் கவனம் முழுக்க லெவல் ஏற்றுவதிலும் நல்ல ஆயுதம் தேடுவதிலுமே இருந்தது. கூட வருபவர்களைச் சண்டைக்கான ஆட்களாக மட்டுமே பார்த்தேன். கதையின் கடைசிப் பகுதியான மூன்றாவது ஆக்ட் தொடங்கும்போது, நாங்கள் தங்கும் கேம்பில் பாதிக் கூடாரங்களைக் காணோம். ஒருத்தியை யாரோ சொன்ன பொய்யை நம்பி நானே கொன்றிருந்தேன். ஒருவன் கோபித்துக்கொண்டு போய்விட்டான். இன்னொருத்தி கூடவே இருந்தாள், ஆனால் நான் அறிந்த அந்தப் பெண்ணாக இல்லை. வருத்தமாக இருந்தது. அடுத்த தடவை வேறு மாதிரி விளையாடினேன். முக்கியத் தோழர்கள் ஆறு பேரும் கடைசி இரவு வரை என்னோடு இருந்தார்கள். அந்த இரண்டு ஆட்டங்களிலும் நான் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

பெல்ஜியத்தைச் சேர்ந்த லேரியன் ஸ்டூடியோஸ் செய்த ரோல்பிளேயிங் கேம் இது, அதாவது ஒரு கேரக்டராகவே மாறிக் கதைக்குள் விளையாடும் கேம். 2023 ஆகஸ்ட் 3 அன்று கணினிக்கு வந்தது, அந்த ஆண்டே கேம் அவார்ட்ஸில் ஆண்டின் சிறந்த கேம் விருதையும் வாங்கியது. டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் என்ற மேசை விளையாட்டின் ஐந்தாம் பதிப்பு விதிகளை ஒட்டி ஓடுகிறது. எனவே சண்டையும் பேச்சும் இருபது முகப் பகடையில்தான் முடிவாகும். ஆனால் கூட இருப்பவர்களின் மனது பெரும்பாலும் பகடையில் முடிவாவதில்லை. நீங்கள் அவர்களை எப்படி நடத்துகிறீர்கள் என்பதில்தான் முடிவாகிறது.

ஒரு எச்சரிக்கை. கதையின் முக்கியத் திருப்பங்கள் சிலவற்றைச் சொல்லாமல் இந்த வழிகாட்டியை எழுத முடியாது. கதை தெரியக் கூடாது என்று நினைப்பவர்கள் முதல் மூன்று பகுதிகளோடு நிறுத்திக்கொண்டு, ஒருமுறை விளையாடிவிட்டு மீதிக்கு வரலாம்.

விளையாட்டைத் தொடங்கும் முன்

ஆரம்பத்தில் கேரக்டரை உருவாக்கும் திரையில் அஸ்டாரியன், கேல், லேசெல், ஷேடோஹார்ட், வில், கார்லாக் என்று ஆறு முகங்கள் தெரியும். அவர்களில் ஒருவராகவே நீங்கள் விளையாடலாம். முதல் ஆட்டத்தில் அதைச் செய்யாதீர்கள். உங்களுக்கென்று புதிதாக ஒரு கேரக்டரை உருவாக்குங்கள். அப்போதுதான் ஆறு பேரும் உங்களுக்குத் தோழர்களாகக் கிடைப்பார்கள், ஒவ்வொருவரின் கதையையும் வெளியிலிருந்து மெல்ல மெல்லத் தெரிந்துகொள்ள முடியும். டார்க் அர்ஜ் என்ற ஏழாவது வழியும் உண்டு. நல்ல கதைதான். ஆனால் அந்தக் கேரக்டருக்கு உள்ளே ஒரு கொலைவெறி ஓடிக்கொண்டே இருக்கும், தோழர்களோடு நெருங்குவதற்கு நடுவே அது வந்து நிற்கும். இரண்டாவது ஆட்டத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கேரக்டரின் வகுப்பு, அதாவது போர்வீரனா மந்திரவாதியா என்ற வகை, எதுவானாலும் சரி. ஆனால் பார்ட், பலடின், சார்சரர், வார்லாக் ஆகிய நான்குக்கும் ஆளைக் கவரும் திறனைக் குறிக்கும் கரிஸ்மாதான் முக்கிய எண் என்பதால் பேச்சில் சமாதானம் செய்வது எளிதாகும். கூட்டத்தைக் கட்டிக் காக்க வேண்டும் என்றால் இது உண்மையிலேயே உதவும். பின்னால் இரண்டு தோழர்கள் கத்தியும் கையுமாக நிற்கும் இரவு ஒன்று வரும், அப்போது புரியும்.

முதல் சில மணி நேரத்தில் ஆறு பேரையும் கண்டுபிடியுங்கள்

உங்களைக் கடத்திய மைண்ட் ஃப்ளேயர்களின் (மூளை தின்னும் அரக்கர்களின்) பறக்கும் கப்பல் விழுந்து, கடற்கரையில் நீங்கள் கண் விழித்ததிலிருந்து எல்லோரும் சுற்று வட்டாரத்திலேயே இருக்கிறார்கள். ஆனால் யாரும் தானாக வந்து சேர மாட்டார்கள்.

ஷேடோஹார்ட்டைக் கப்பலிலேயே பார்ப்பீர்கள், ஒரு கூண்டுக்குள் அடைபட்டிருப்பாள். பக்கத்து அறையில் கிடக்கும் உடலிலிருந்து ஒரு ரூனை எடுத்து வந்து அந்தக் கூண்டின் இயந்திரத்தில் பொருத்தினால் விடுவிக்கலாம். விட்டுவிட்டாலும் பிறகு கரையில் கிடைப்பாள். ஆனால் அவள் கத்திக் கூப்பிட்டும் நீங்கள் போய்விட்டீர்கள் என்பதை நினைவில் வைத்திருப்பாள். இரண்டு நிமிட வேலைதான், செய்துவிடுங்கள்.

அஸ்டாரியன் கரைக்குச் சற்று மேற்கே நிற்பான். உதவிக்குக் கூப்பிடுவது போல நடித்து, கழுத்தில் கத்தியை வைப்பான். பதறி அவனை வெட்டிவிட வேண்டாம், பேசினால் போதும். கேல் இருக்கும் இடம் வேடிக்கையானது. பாறையில் சுழலும் ஊதா ஒளிக்குள்ளிருந்து ஒரு கை மட்டும் நீட்டிக்கொண்டிருக்கும், அதைப் பிடித்து இழுக்க வேண்டும். லேசெல் மரத்தில் தொங்கும் கூண்டில் இருக்கிறாள், கீழே டீஃப்ளிங்குகள் என்ற கொம்புள்ள இனத்தவர் இரண்டு பேர் நிற்பார்கள். அவர்களைக் கொல்லத் தேவையில்லை, பேசி அனுப்பிவிடலாம்.

வில்லை, டீஃப்ளிங் அகதிகள் தங்கியிருக்கும் எமரால்ட் குரோவ் என்ற தோப்பில் பார்க்கலாம். வாசலில் கோப்ளின்களோடு நடக்கும் சண்டை முடிந்ததும் உள்ளே போனால், டீஃப்ளிங் குழந்தைகளுக்கு வாள் பிடிக்கக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருப்பான்.

கார்லாக்கைப் பற்றித்தான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். ரைசன் ரோடு என்ற பாழடைந்த சாலைப் பக்கம், சுங்கச்சாவடியில் டைர் தெய்வத்தின் பலடின்கள் என்று சொல்லிக்கொண்டு சிலர் இருப்பார்கள். தலைவன் பெயர் ஆண்டர்ஸ். நரகத்திலிருந்து வந்த ஒரு கொடியவள் தங்கள் ஆட்களைக் கொன்றுவிட்டாள், அவள் தலையைக் கொண்டுவந்தால் பரிசு என்பார்கள். வில்லும் அவளைத் தேடித்தான் வந்திருக்கிறான், அவனும் அதையே சொல்வான். இரண்டு பக்கத்திலிருந்தும் ஒரே கதை வந்தால் யாரும் நம்பிவிடுவார்கள், நானும் நம்பினேன். ஆற்றங்கரையில் காயத்தோடு உட்கார்ந்திருந்த பெண்ணிடம் ஒரு வார்த்தை பேசாமல் சண்டையை ஆரம்பித்தேன். அந்தப் பலடின்கள் உண்மையில் நரகத்து அதிபதிகளில் ஒருத்தியான ஸாரியலின் ஆட்கள் என்பது ரொம்ப நாள் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. கார்லாக் பத்து வருடம் அங்கே அடிமையாகச் சண்டை போட்டுவிட்டுத் தப்பி வந்தவள். இந்த கேமில் அவ்வளவு அன்பான மனசு வேறு யாருக்கும் இல்லை. போய்ப் பேசுங்கள். வில்லையும் கூட்டிப் போங்கள், அவனும் உண்மையை நேரில் பார்க்கட்டும்.

சண்டைக்கு உங்களோடு மூன்று பேர்தான் வர முடியும், மற்றவர்கள் கேம்பில் இருப்பார்கள். எனவே இடமில்லை என்று யாரையும் வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள்.

அப்ரூவல் எப்படி வேலை செய்கிறது

ஒவ்வொரு தோழருக்கும் உங்களை எவ்வளவு பிடிக்கிறது என்பதைக் காட்டும் ஓர் எண் உள்ளே ஓடுகிறது, அதுதான் அப்ரூவல். மைனஸ் 50-லிருந்து 100 வரை போகும். கேரக்டர் தாளைத் திறந்தால் அது ஒரு பட்டையாகத் தெரியும். 20, 40, 60, 80 என்று ஏற ஏற உறவு நெருக்கமாகும், புதிய பேச்சுகள் திறக்கும். மைனஸ் 50-க்கு இறங்கினால் மூட்டை கட்டிவிடுவார்கள்.

பெரும்பாலும் அந்த இடத்தில் கூட இருப்பவர்களிடம்தான் இந்த எண் மாறும். கேம்பில் உட்கார்ந்திருப்பவருக்கு நீங்கள் காட்டில் செய்த நல்லது தெரியாது. இதைப் புரிந்துகொண்டாலே பாதி வேலை முடிந்தது. ஒரு கிராமத்தை, குழந்தைகளைக் காப்பாற்றப் போகிறீர்களா? வில்லையும் கார்லாக்கையும் கூட்டிப் போங்கள். கேலுக்கும் அதெல்லாம் பிடிக்கும். ஏமாற்று வேலை, திருட்டு, கொஞ்சம் குறும்பு என்றால் அஸ்டாரியன் வரட்டும். லேசெலின் இனமான கித்யாங்கிகள் சம்பந்தப்பட்ட எதுவானாலும் அவள் இல்லாமல் போகவே கூடாது.

இதற்காக ஒவ்வொரு பதிலையும் சேவ் செய்து, எண் ஏறுகிறதா என்று பார்த்து, இறங்கினால் திரும்ப லோட் செய்து விளையாடுகிறவர்கள் உண்டு. F5, F8 இரண்டு விசைகளும் தேய்ந்துவிடும். நான் அப்படிச் செய்ய வேண்டாம் என்பேன். ஆறு பேரும் ஆறு விதம். ஒருவருக்குப் பிடிப்பது இன்னொருவருக்குப் பிடிக்காது. உதாரணம் சொல்கிறேன். குரோவில் ஸோரு என்ற டீஃப்ளிங் இருக்கிறான். கித்யாங்கிகளை நேரில் பார்த்தவன். லேசெலைக் கூட்டிப் போனால், தன் முன்னால் அவன் மண்டியிட வேண்டும் என்று கேட்பாள். விட்டால் அவளுக்குச் சந்தோஷம், மனசு இளகியவர்களுக்கு முகம் சுருங்கும். தடுத்தால் அப்படியே தலைகீழ். எல்லோரையும் எல்லா நேரமும் திருப்திப்படுத்த முடியாது, தேவையும் இல்லை. ஒன்றிரண்டு புள்ளி இறங்கியதால் யாரும் கோபித்துக்கொண்டு கிளம்பியதில்லை. உங்கள் கேரக்டருக்கென்று ஒரு குணத்தை முடிவு செய்துகொண்டு அதன்படி பேசுங்கள், மீதியைக் கேம்பில் உட்கார்ந்து பேசிச் சரிசெய்யலாம்.

பழைய டிராகன் ஏஜ்: ஆரிஜின்ஸ் விளையாடியவர்கள் பரிசு கொடுத்து மனதை வாங்கிய பழக்கத்தில் இருப்பார்கள். இங்கே அந்த வழி கிடையாது. ஒன்றிரண்டு விதிவிலக்கு உண்டு. நைட் ஆர்க்கிட் பூ ஷேடோஹார்ட்டுக்குப் பிடித்தது. இரண்டாவது ஆக்ட்டில் கண்ணில் பட்டால் பறித்து வைத்துக்கொள்ளுங்கள், அவளிடம் பேசும்போது கொடுக்கலாம்.

அடிக்கடி படுத்துத் தூங்குங்கள்

இதை எத்தனை தடவை சொன்னாலும் தகும். முதல் ஆட்டத்தில் நான் செய்த பெரிய தப்பு இதுதான்.

கதை தொடங்கும்போதே உங்கள் மூளைக்குள் ஒரு புழு இருக்கிறது, சீக்கிரம் எடுக்காவிட்டால் மைண்ட் ஃப்ளேயராக மாறிவிடுவீர்கள் என்று பயமுறுத்துவார்கள். அதனால் புதிதாக விளையாடுபவர்கள் கேம்பில் ஓர் இரவு தூங்கும் லாங் ரெஸ்டை எடுக்கவே தயங்குவார்கள். உண்மையில் அந்தப் புழுவுக்குக் கடிகாரம் எதுவும் ஓடவில்லை. ஆனால் தோழர்களின் சொந்தக் கதைகளில் முக்கால்வாசி இரவில்தான் நடக்கின்றன. ஒரு இரவுக்கு ஒரு காட்சி என்று வரிசையில் நிற்கும். நீங்கள் தூங்காவிட்டால் வரிசை நகராது, அடுத்த ஆக்ட்டுக்குப் போய்விட்டால் நின்ற காட்சிகள் அப்படியே போய்விடும்.

லாங் ரெஸ்டுக்கு 40 அளவு உணவு வேண்டும், டாக்டீஷியன் என்ற கடினமான நிலையில் 80. பீப்பாய், பெட்டி, சமையலறை எதையும் விடாதீர்கள். ரொட்டி, ஆப்பிள், மீன் எல்லாவற்றையும் கேம்புக்கு அனுப்பினால் பஞ்சமே வராது. ஒவ்வொரு பெரிய சண்டைக்குப் பிறகும், கதையில் பெரிய விஷயம் நடந்த பிறகும் ஒரு ரெஸ்ட் எடுப்பது என் வழக்கம். தூங்கப் போகும் முன் ஒரு சுற்று சுற்றி எல்லோரிடமும் பேசிவிடுங்கள். தலைக்கு மேல் ஆச்சரியக்குறி இருந்தால் அவர்களிடம் கட்டாயம் போக வேண்டும்.

நீங்கள் தொட்டுவிட்டால் காத்திருக்காத சில இடங்களும் உண்டு. எரிந்துகொண்டிருக்கும் வாக்கீன்ஸ் ரெஸ்ட் விடுதிக்குப் போய்விட்டு, நடுவில் திரும்பிப் போய்த் தூங்கினால் உள்ளே இருப்பவர்கள் பிழைக்க மாட்டார்கள். கிரிம்ஃபோர்ஜில் பாறைக்குப் பின்னால் நச்சுக் காற்றில் மாட்டிக்கொண்டவர்களும் அப்படித்தான். ஆரம்பித்த வேலையை முடித்துவிட்டுத் தூங்குங்கள், அவ்வளவே.

யாருக்கு என்ன வேண்டும்

கேல் சீக்கிரமே வந்து, தனக்கு மாயப் பொருள் ஒன்று வேண்டும் என்று கேட்பான். அவன் நெஞ்சுக்குள் ஒரு மாய உருண்டை இருக்கிறது, அதற்குத் தீனி போடாவிட்டால் வெடித்துவிடும். முதல் ஆக்ட்டில் மூன்று தடவை கேட்பான். கஷ்டப்பட்டுச் சேர்த்ததைக் கொடுக்க மனசு வராமல் இழுத்தடித்தேன், அதனால்தான் அவனை இழந்தேன். உங்களுக்குப் பயன்படாத மாய மோதிரமோ காலணியோ போதும், நல்ல பொருள் தேவையில்லை. அதற்கென்றே மூன்றை எடுத்து ஓரமாக வைத்துவிடுங்கள். இரண்டாவது ஆக்ட்டுக்குப் போகும் வழியில் எல்மின்ஸ்டர் என்ற மூத்த மந்திரவாதி வந்து அந்தப் பசியை அடக்குவார். கூடவே ஒரு கொடுமையான கட்டளையையும் கொண்டுவருவார், கேல் தன்னையே வெடிக்கவைத்து எதிரியை அழிக்க வேண்டும் என்று. அன்றிலிருந்து அவனுக்குத் தேவைப்படுவது, நீ உயிரோடு இருந்தால் போதும் என்று சொல்ல ஒரு ஆள். அதைச் சொல்லுங்கள், ஒரு தடவைக்கு இரண்டு தடவையாக.

கார்லாக்கின் நெஞ்சில் இதயத்துக்குப் பதில் நரகத்து இயந்திரம் எரிகிறது. யாராவது தொட்டால் கை வெந்துவிடும். முதல் ஆக்ட்டில் இன்ஃபெர்னல் அயர்ன் என்ற இரும்பு கிடைக்கும், எங்கே பார்த்தாலும் எடுத்து வையுங்கள், விற்றுவிடாதீர்கள். குரோவில் இருக்கும் டம்மன் என்ற கொல்லனிடம் ஒன்றைக் கொடுத்தால் முதல் வேலையைச் செய்து தருவான். இரண்டாவது வேலை அடுத்த ஆக்ட்டில், லாஸ்ட் லைட் விடுதியில், அதே டம்மனிடம். அது முடிந்ததும் அவளை முதல் தடவையாகக் கட்டிப்பிடிக்க முடியும். பத்து வருடம் யாரையும் தொடாத ஒருத்தி, நீட்டிய கைகளோடு நம்பாமல் நிற்கும் அந்த ஒரு நொடிக்காகவே இந்த கேமைத் திரும்ப விளையாடலாம். குரோவைக் காப்பாற்றினால்தான் டம்மன் இருப்பான் என்பதை மறக்க வேண்டாம்.

வில் ஒரு வார்லாக். மிசோரா என்ற நரகத்துப் பெண்ணோடு ஒப்பந்தம் போட்டுக்கொண்டவன். கார்லாக்கைக் கொல்ல மறுத்ததற்குத் தண்டனையாக அவன் தலையில் கொம்பு முளைக்கும். அவனுக்கு அதிகம் ஆறுதல் சொல்ல வேண்டியதில்லை, நீ செய்தது சரி என்றால் போதும். மிசோராவின் மேல் உங்களுக்கும் கோபம் வரும். ஆனால் இரண்டாவது ஆக்ட் முடிவில் மைண்ட் ஃப்ளேயர்களின் இடத்தில் அவள் ஒரு கூட்டுக்குள் அடைபட்டிருப்பாள். அவளை விடுவித்தே ஆக வேண்டும். கோபத்தில் அவளை அழித்தாலோ அங்கேயே விட்டுப் போனாலோ வில் உங்களுக்குக் கிடைக்க மாட்டான்.

லேசெல் கடுமையாகப் பேசுவாள். கெஞ்சல், குழைவு எதுவும் அவளுக்கு ஆகாது. நேராகப் பேசுபவர்களை மதிப்பாள். அவளுடைய மக்கள் இருக்கும் கிரெஷ் என்ற முகாம், ரோஸிமார்ன் மடத்துக்குள் இருக்கிறது. அங்கே போனால் குணமாகிவிடலாம் என்று உறுதியாக நம்புகிறாள். அந்த இடத்தைத் தவிர்த்துவிட்டு இரண்டாவது ஆக்ட்டுக்குப் போகிறவர்கள் நிறைய பேர். தயவுசெய்து போங்கள். வாழ்நாள் முழுக்க வணங்கிய ராணி தன்னை ஒரு பொருளாகவே நினைத்திருந்தாள் என்று லேசெல் புரிந்துகொள்ளும் இடம் அது. அங்கே நீங்கள் பக்கத்தில் இருந்தீர்கள் என்பதை அவள் கடைசிவரை மறக்க மாட்டாள்.

லேசெலும் ஷேடோஹார்ட்டும் ஆரம்பத்திலிருந்தே கீரியும் பாம்பும். ஒரு இரவு சண்டை முற்றிக் கத்தியை எடுத்துவிடுவார்கள். அன்றைக்குப் பேசிச் சமாதானம் செய்யாவிட்டால் இருவரில் ஒருத்தி காலையில் இருக்க மாட்டாள். பகடை கைகொடுக்காவிட்டால் மறுமுயற்சிக்குப் பயன்படும் இன்ஸ்பிரேஷன் புள்ளிகளை இதற்கென்றே மிச்சம் பிடித்து வையுங்கள். நான்கு வரை சேர்க்கலாம்.

அஸ்டாரியன் ஒரு ரத்தக்காட்டேரி. அவனே சொல்லும் முன்பே ரத்தம் உறிஞ்சப்பட்ட காட்டுப்பன்றி ஒன்றைப் பார்ப்பீர்கள், புரிந்துவிடும். ஒரு இரவு உங்கள் கழுத்துக்குப் பக்கத்தில் வந்து மாட்டிக்கொள்வான். கொஞ்சம் குடிக்க அனுமதித்தால் அவன் நம்பிக்கை வளரும். உங்களுக்கு மறுநாள் சற்றுக் களைப்பு, அவ்வளவுதான். சதுப்பு நிலத்தில் காண்ட்ரெல் என்ற வேட்டைக்காரன் அவனைத் தேடிக்கொண்டிருப்பான். எக்காரணம் கொண்டும் காட்டிக்கொடுக்காதீர்கள்.

ஷேடோஹார்ட்டிடம் மட்டும் அவசரம் கூடாது. அவள் மார்போடு அணைத்து வைத்திருக்கும் அந்தப் பொருளைப் பற்றியோ, அழிக்கப்பட்ட அவள் நினைவுகளைப் பற்றியோ துருவித் துருவிக் கேட்டால் சுருங்கிவிடுவாள். உனக்குத் தோன்றும்போது சொல் என்று விட்டுவிடுங்கள். சில இரவுகள் கழித்து அவளே வந்து உட்காருவாள்.

முடிவை அவர்களிடமே விடும் நேரங்கள்

இந்த கேமில் விசுவாசம் உண்மையில் எங்கே உருவாகிறது என்று என்னைக் கேட்டால் இரண்டு காட்சிகளைச் சொல்வேன்.

முதலாவது, இரண்டாவது ஆக்ட்டில் எதிரிகளின் கோட்டையான மூன்ரைஸ் கோபுரத்தில். அராஜ் ஒப்லோட்ரா என்ற டிரௌ இனப் பெண் அங்கே மருந்து விற்கிறாள். அஸ்டாரியன் கூட இருந்தால் அவனைப் பார்த்ததும் அவள் கண் மின்னும். தன்னை ஒரு காட்டேரி கடிக்க வேண்டும் என்பது அவள் நெடுநாள் ஆசை. கடித்தால் உங்களுக்கு ஒரு மருந்து தருவாள், வலிமையை நிரந்தரமாக 2 கூட்டும் மருந்து. சண்டைக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று விளையாடுபவர்களுக்குத் தெரியும். அஸ்டாரியன் வேண்டாம் என்கிறான். அவள் ரத்தத்தின் வாடையே அவனுக்குக் குமட்டுகிறது. அவள் உடனே அவனை விட்டுவிட்டு உங்கள் பக்கம் திரும்புகிறாள், நீங்கள்தான் அவனுடைய எஜமான் என்பது போல. நீங்கள் சொன்னால் அவன் செய்வான்.

சொல்லாதீர்கள். இருநூறு வருடம் காஸடோர் என்ற எஜமானுக்காகத் தன் உடலைக் காட்டி ஆட்களை இழுத்து வந்தவன் அவன். அத்தனை வருடத்தில் அவன் வேண்டாம் என்றால் யாரும் விட்டதில்லை. அவன் வேண்டாம் என்கிறான், விட்டுவிடு என்று அவளிடம் சொல்லிவிட்டு வந்தேன். பிறகு பேசும்போது அவன் நன்றி சொன்னான், வழக்கமான கிண்டல் எதுவும் இல்லாமல். அந்த மருந்து இல்லாமலே கடைசிவரை விளையாடி முடித்தேன், ஒருநாளும் குறையாகத் தெரியவில்லை.

இரண்டாவது ஷேடோஹார்ட்டுடையது. அவள் ஷார் என்ற இருட்டுத் தெய்வத்தின் பூசாரி. நைட்சாங் என்ற ஒன்றை அழித்தால் தன் தெய்வத்தின் வீரர்களில் ஒருத்தியாகிவிடலாம் என்பது அவள் கனவு. கான்ட்லெட் ஆஃப் ஷார் என்ற கோயிலின் சோதனைகளைத் தாண்டி ஷேடோஃபெல் என்ற நிழல் உலகுக்குள் இறங்கினால், நைட்சாங் என்பது சங்கிலியில் கட்டிக் கிடக்கும் ஒரு பெண் என்று தெரியும். ஷேடோஹார்ட் ஈட்டியை ஓங்குகிறாள். திரையில் உங்களுக்கான பதில்கள் வருகின்றன. கொல் என்று தூண்டலாம், வேண்டாம் என்று வாதாடலாம்.

முதல் ஆட்டத்தில் அவளோடு நான் அதிகம் பேசியதே இல்லை, அங்கே என் பேச்சுக்கு மதிப்பும் இருக்கவில்லை, ஈட்டி இறங்கியது. இரண்டாவது ஆட்டத்தில் எத்தனையோ இரவுகள் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அன்று நான் வாதாடவில்லை. உன் முடிவு உன்னுடையது என்று ஒதுங்கி நின்றேன். அவள் கை நடுங்கியது. பிறகு ஈட்டியைத் தூக்கிப் பள்ளத்தில் எறிந்தாள். அப்ரூவல் உயரமாக இருந்தால் மட்டும்தான் இப்படி நடக்கும், இல்லாவிட்டால் ஒதுங்கி நிற்பது ஆபத்து. இந்தக் காட்சிக்கு அவளை விட்டுவிட்டுப் போய்விடாதீர்கள்.

மூன்றாவது ஆக்ட்டில் அஸ்டாரியனுக்கும் இதே போல ஒன்று வரும். காஸடோரின் மாளிகைக்கு அடியில், ஏழாயிரம் உயிர்களைப் பலி கொடுத்தால் வெயிலில் நடக்கும் முழுக் காட்டேரியாகிவிடலாம். அவனுக்கு ஆசை பொங்கும். இங்கே ஒதுங்கி நின்றால் நடக்காது, நீங்கள் பேசித்தான் ஆக வேண்டும். நீ காஸடோராக மாறத் தேவையில்லை என்று அவன் நம்பும் அளவுக்கு முன்பே நெருங்கியிருந்தால்தான் காது கொடுப்பான்.

பின்னால் வந்து சேருபவர்கள்

குரோவின் தலைவரான ஹால்சின் கோப்ளின் முகாமில் கரடி உருவில் அடைபட்டிருப்பார். காப்பாற்றிவிட்டு, இரண்டாவது ஆக்ட்டில் நிழல் சாபத்தை நீக்க அவருக்கு உதவினால் முழுத் தோழராவார். ஜஹீரா லாஸ்ட் லைட் விடுதியில் இருக்கிறார். அனுபவசாலி, கூட வைத்துக்கொள்ளுங்கள். மூன்ரைஸ் தாக்குதலில் அவர் இறந்துவிட வாய்ப்பு உண்டு என்பதால் அந்தச் சண்டைக்கு அவரை உங்கள் நால்வரில் ஒருவராகவே சேர்த்துக்கொள்வது நல்லது. மூன்றாவது ஆக்ட்டில் மின்ஸ்க் என்ற வீரனைச் சேர்க்க ஜஹீரா கூட இருக்க வேண்டும்.

லாஸ்ட் லைட்டில் இஸோபெல் என்ற பெண்ணைக் கடத்த ஒரு கூட்டம் திடீரென்று வரும். அவள் போய்விட்டால் விடுதியைக் காக்கும் ஒளியும் போய்விடும், டம்மனும் டீஃப்ளிங்குகளும் அதோடு போவார்கள். அதனால் அவளோடு மாடியில் பேசும் முன் கார்லாக்கின் வேலையை முடித்துவிடுங்கள். முழு உடல்நலத்தோடு, ஒருமுறை சேவ் செய்துவிட்டு மேலே ஏறுங்கள்.

மின்தாராவை எல்லோரும் கேட்பார்கள். கோப்ளின்களின் தலைவர்களில் ஒருத்தி. அவளோடு சேர்ந்து குரோவை அழித்தால் கூட வருவாள், ஆனால் வில், கார்லாக், ஹால்சின், டம்மன் எல்லோரையும் இழப்பீர்கள். நல்ல வேளையாக, பின்னால் வந்த அப்டேட்டுகளுக்குப் பிறகு வேறு வழி உண்டு. கொல்லாமல் தாக்கும் நிலையை ஆன் செய்து, கைக்கு எட்டும் ஆயுதத்தால் அவளை மயக்கிப் போட்டுவிட்டுப் போங்கள். இரண்டாவது ஆக்ட்டில் மூன்ரைஸில் அவளை விசாரிப்பார்கள், பிறகு கீழே சிறையில் சித்திரவதை செய்வார்கள். அங்கிருந்து விடுவித்துக் கூட்டி வரலாம். அவள் பேச்சு எனக்குப் பிடிக்கும், ஆனால் அவளுக்காகக் குரோவை விடுகிறவர்களை நான் புரிந்துகொண்டதே இல்லை.

யாராவது இறந்தால் பயப்பட வேண்டாம். கேம்பில் இருக்கும் விதர்ஸ் 200 பொன்னுக்கு உயிர் கொடுப்பார், 100 பொன்னுக்கு யாருடைய வகுப்பையும் மாற்றித் தருவார். எல்லோரும் ஒரே மாதிரி மந்திரவாதிகளாக இருக்கிறார்களே என்று யாரையும் ஓரம்கட்டத் தேவையில்லை, பிடித்த மூவரைக் கூட்டிக்கொண்டு வகுப்பை மாற்றிக்கொள்ளுங்கள்.

கடைசி இரவுக்கு முன்

இறுதிச் சண்டைக்குப் போகும் முன் ஒவ்வொருவரின் சொந்தக் குவெஸ்ட்டையும் முடியுங்கள். வில்லின் தந்தை ட்யூக் ரேவன்கார்டைக் காப்பாற்ற, மிசோரா புதிய ஒப்பந்தம் ஒன்றை நீட்டுவாள். மறுத்துவிட்டு, கடலுக்கு அடியில் இருக்கும் அயர்ன் த்ரோன் சிறைக்கு நீங்களே போய் அவரை மீட்கலாம். கஷ்டமான சண்டை, எண்ணிச் சில டர்ன்கள்தான் கிடைக்கும், தாவவும் வேகமாக ஓடவும் மந்திரம் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். வில்லுக்குச் சுதந்திரமும் தந்தையும் இரண்டும் கிடைக்க அதுதான் வழி.

கார்லாக்குக்கு முழுக் குணம் கிடையாது. டம்மன் முன்பே சொல்லியிருப்பான், இந்த உலகில் இருந்தால் அந்த இயந்திரம் அவளை எரித்துவிடும் என்று. கடைசியில் துறைமுகத்தில் அவள் எரியத் தொடங்கும்போது, நரகத்துக்குத் திரும்பிப் போய் உயிரோடு இரு, நானும் வருகிறேன் என்று சொல்ல வாய்ப்பு வரும். வில்லும் கூடப் போகலாம். நான் போனேன்.

2023 நவம்பர் இறுதியில் வந்த ஐந்தாம் பேட்ச், கதை முடிந்து ஆறு மாதம் கழித்து நடக்கும் ஒரு சந்திப்பைச் சேர்த்தது. பழைய கேம்பில், விதர்ஸ் அழைத்த விருந்து. நீங்கள் யாரை எப்படி நடத்தினீர்களோ அப்படியே வந்து நிற்பார்கள். வர முடியாதவர்களின் கடிதங்கள் இருக்கும், பொறுமையாகப் படியுங்கள். என் முதல் ஆட்டத்தில் அந்த இடம் வெறிச்சென்று கிடந்தது. இரண்டாவது தடவை கேல் பேசிக்கொண்டே இருந்தான், லேசெல் எப்போதும் போல விறைப்பாக நின்றாள், நானும் கார்லாக்கும் நரகத்திலிருந்து கொஞ்ச நேரத்துக்கு வந்திருந்தோம். ஒவ்வொருவரிடமும் பேசி முடிக்க எனக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது.